காகிதக் கதவும் கான்கிரீட் சுவரும்

'வீட்டைக் கட்டிப் பார், கல்யாணத்தைப் பண்ணிப் பார்' என்று நம் பெரியவர்கள் சொல்லி வைத்தார்கள். ஜப்பான்காரர்களோ வீட்டைக் கட்டிப் பார்த்து, இடித்துப் பார்த்து, மறுபடியும் கட்டிப் பார்ப்பவர்கள்! பூகம்பம், தீ, புயல், யுத்தம் என்று ஒன்று மாற்றி ஒன்று வந்து அவர்களை அப்படிப் பழக்கிவிட்டது. அங்கே ஒரு சாதாரண மர வீட்டின் ஆயுள் சுமார் 30 வருஷம்தான் என்று கணக்குச் சொல்கிறார்கள். பாட்டன் கட்டிய வீட்டில் பேரன் குடியிருப்பது என்பது நகரங்களில் அபூர்வம்.

இப்படி அடிக்கடி இடித்துக் கட்டுகிற நாட்டில் பழமை என்று ஒன்று எப்படி மிஞ்சும்? ஆனால் மிஞ்சியிருக்கிறதே! பத்தாவது மாடி ஃபிளாட்டிலும் வாசலில் செருப்பைக் கழற்றி வைக்க ஒரு தாழ்வான இடம், பாய் விரித்த ஓர் அறை, நிதானமாக உட்கார்ந்து குளிக்க ஒரு தொட்டி. கான்கிரீட்டும் கண்ணாடியும் வந்த பிறகும் இவை போகவில்லை. எதை விடலாம், எதை விடக் கூடாது என்று அவர்கள் எப்படித் தீர்மானித்தார்கள் என்பது வீட்டை ஆளும் நமக்கும் சுவாரஸ்யமான கதைதான்.

பாயை வைத்து அளந்த வீடு

பழைய ஜப்பானிய வீட்டில் சுவர் என்பதே குறைவு. தூண்களும் கூரையும்தான் வீடு. தூண்களுக்கு நடுவே நகர்த்துகிற கதவுகள். மரச் சட்டத்தில் மெல்லிய காகிதம் ஒட்டியது 'ஷோஜி'. இதன் வழியாக வருகிற வெயில் பால் போல மெத்தென்று அறைக்குள் பரவும். இன்னும் கனமான காகிதமோ துணியோ ஒட்டிய தடுப்புக் கதவு 'ஃபுஸுமா'. அதைத் தள்ளிவிட்டால் இரண்டு அறை ஒரே கூடமாகிவிடும். விருந்தாளி வந்தால் பெரிய வீடு, இரவானால் சின்னச் சின்ன அறைகள்! படுக்கையைக் காலையில் சுருட்டி அலமாரிக்குள் வைத்துவிட்டால் படுக்கையறையே வரவேற்பறை.

தரையில் 'தாதாமி' என்னும் கனத்த பாய். ஏறக்குறைய 180 சென்டிமீட்டர் நீளம், 90 சென்டிமீட்டர் அகலம். ஒருவர் நீட்டிப் படுக்கிற அளவு. ஊருக்கு ஊர் கொஞ்சம் வித்தியாசப்படும். அறையை அடிக்கணக்கில் சொல்ல மாட்டார்கள். நாலரைப் பாய் அறை, ஆறு பாய் அறை, எட்டுப் பாய் அறை என்றுதான் சொல்வார்கள். மனித உடம்பே அளவுகோல்!

தோட்டத்தை ஒட்டி 'எங்காவா' என்று மரப்பலகைத் திண்ணை ஓடும். அது வீட்டுக்குள்ளும் இல்லை, வெளியிலும் இல்லை. மழையை வேடிக்கை பார்க்கவும், பக்கத்து வீட்டுக்காரியோடு நாலு வார்த்தை பேசவும் அதுதான் இடம். வாசலில் 'கென்கான்'. தெரு அழுக்கு அங்கேயே நின்றுவிடும். அதைத் தாண்டி ஒரு படி ஏறித்தான் வீட்டுக்குள் போக வேண்டும். சுத்தத்துக்கும் ஆரோக்கியத்துக்கும் இதைவிட எளிய ஏற்பாடு ஏது?

இவ்வளவு அழகாகச் சொல்லிவிட்டு, மறுபக்கத்தையும் சொல்லாவிட்டால் நியாயமில்லை.

சமையலறைக்கு வெளிச்சம் வந்த கதை

அந்த அழகான வீட்டில் நல்ல வெயிலும் காற்றும் வருகிற தெற்குப் பக்கத்து அறை யாருக்கு? விருந்தாளிக்கு! அங்கேதான் சித்திரச் சுருளும் பூ அலங்காரமும் வைக்கிற மாடம் இருக்கும். முன்வாசல் வீட்டுத் தலைவருக்கும் வருகிறவர்களுக்கும். சமையலறையோ வடக்கு மூலையில், பல வீடுகளில் மண் தரையோடு, இருட்டாக, குளிர்காலத்தில் கை விறைக்கிற மாதிரி இருந்தது. சாமான் கெடாமல் இருக்க வடக்குதான் நல்லது என்று அதற்குக் காரணமும் சொன்னார்கள். சாமான் கெடவில்லை, சரி. நாளெல்லாம் அங்கே நிற்கிறவளின் உடம்பு?

இந்தக் கேள்வியை வெளிப்படையாகக் கேட்டவர் மிஹோ ஹமகுச்சி என்ற பெண்மணி. மனையியல் படித்துவிட்டு, பிறகு கட்டடக் கலைக்கு வந்தவர். ஜப்பானில் முதல் நிலைக் கட்டடக் கலைஞர் என்ற உரிமத்தைப் பெற்ற முதல் பெண். யுத்தம் முடிந்து நாடே குடியிருக்க வீடில்லாமல் தவித்த சமயத்தில், 1949ல் அவர் ஒரு புத்தகம் எழுதினார். ஜப்பானிய வீட்டின் அமைப்பிலேயே எஜமான் - அடிமை முறை ஒளிந்திருக்கிறது என்பது அதன் சாரம். யார் எந்த வாசலால் வரலாம், யாருக்கு வெயில், யாருக்கு இருட்டு என்பதையெல்லாம் வீட்டு வரைபடமே தீர்மானித்துவிடுகிறது என்று பிட்டுப் பிட்டு வைத்தார். புதிய சட்டத்தில் பெண்ணுக்குச் சம உரிமை கொடுத்துவிட்டு, பழைய வரைபடத்திலேயே வீடு கட்டினால் என்ன பிரயோஜனம்?

1951ல் பொது வீடுகளுக்காக ஒரு மாதிரி வரைபடம் தயாரானது. சுமார் 40 சதுர மீட்டர்தான். அந்தக் குருவிக்கூட்டுக்குள்ளும் படுக்கிற இடம் வேறு, சாப்பிடுகிற இடம் வேறு என்று பிரித்தார்கள். அதற்காகச் சமையலறையைக் கொஞ்சம் பெரிதாக்கி, அங்கேயே சாப்பிடவும் இடம் செய்தார்கள். 1955ல் ஜப்பான் வீட்டு வசதிக் கழகம் ஏற்பட்டு அடுக்குமாடிகளைக் கட்ட ஆரம்பித்தபோது இந்த 'டைனிங் கிச்சன்' ஊர் முழுக்கப் பரவிற்று. அதில் ஹமகுச்சியின் யோசனையும் கலந்தது. பாத்திரம் கழுவும் தொட்டியை மூலையில் தள்ளாமல் அடுப்புக்கும் நறுக்குகிற மேடைக்கும் நடுவில் வைத்தால், நடக்கிற நடை குறையும் என்றார். பளபளவென்று எவர்சில்வர் தொட்டியும் வந்தது. நாற்காலி மேஜையே பழக்கமில்லாத குடும்பங்களுக்காக ஆரம்பத்தில் மேஜையையும் சேர்த்தே வைத்துக் கொடுத்தார்கள்.

பாருங்கள், எத்தனை சின்ன மாற்றம்! ஆனால் சமைக்கிறவள் முதல் தடவையாகக் குடும்பத்தோடு ஒரே வெளிச்சத்தில் நின்றாள். பக்கத்து அறையில் தாதாமியும் ஃபுஸுமாவும் அப்படியே இருந்தன. பாயை வைத்துக்கொண்டார்கள், இருட்டை விட்டுவிட்டார்கள்.

டோக்கியோவிலிருந்து புதுச்சேரி வரை

ஹமகுச்சி தொழில் பழகியது குனியோ மயேகாவா என்ற கட்டடக் கலைஞரின் அலுவலகத்தில். மயேகாவா பாரிஸுக்குப் போய் லெ கொர்பூசியேயிடம் வேலை செய்துவிட்டு வந்தவர். ஆமாம், சண்டிகர் நகரத்தைத் திட்டமிட்ட அதே கொர்பூசியேதான். ஊர் திரும்பிய மயேகாவா, அடுத்து டோக்கியோவில் ஆன்டனின் ரேமண்டின் அலுவலகத்தில் சேர்ந்தார்.

இந்த ரேமண்ட் செக் நாட்டில் பிறந்தவர். 1919ல் ஜப்பானுக்கு வந்து, அந்த ஊர் தச்சர்களின் வேலையைப் பார்த்து மயங்கி அங்கேயே தங்கிவிட்டார். கட்டையை மறைக்காமல் கட்டையாகவே காட்டுவது, வேண்டாத அலங்காரத்தை விடுவது, வீட்டைத் தோட்டத்துக்குத் திறந்து வைப்பது என்று மேல்நாட்டில் புதுமை என்று பேசுகிற அத்தனையும் ஜப்பானியக் குடியானவன் வீட்டில் எப்போதோ இருக்கிறதே என்று வியந்தவர் அவர்.

அவர் வரைந்த கட்டடம் ஒன்று நமக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. புதுச்சேரி அரவிந்தாசிரமத்தின் 'கோல்கொண்டா' விடுதி! 1930களின் பிற்பகுதியில் ஆரம்பித்து 1940களில் முடிந்தது. ஹைதராபாத் நிஜாமின் திவான் மூலம் நன்கொடை கிடைத்ததால் அந்தப் பெயர். ஜப்பானிய வம்சத்தவரான அமெரிக்கர் ஜார்ஜ் நகாஷிமா கூடவே தங்கி வேலையைக் கவனித்தார். பிற்காலத்தில் மரச் சாமான்கள் செய்வதில் உலகப் புகழ் பெற்றவர் அவர்தான். கான்கிரீட் கட்டடம்தான். ஆனால் அறைக் கதவுகள் நகர்த்துகிற தேக்குக் கதவுகள். காற்று நுழைய இடுக்கு விட்டவை. வெளிப்பக்கம் முழுக்கத் திருப்பி மூடவும் திறக்கவும் கூடிய பட்டைப் பலகைகள். புதுச்சேரிப் புழுக்கத்தில் விசிறி இல்லாமலே காற்று ஊடுருவிப் போகும்படி யோசித்த யோசனை. ஷோஜி கதவின் தத்துவம் கடல் தாண்டி வந்து நம் வெயிலுக்குத் தக்கபடி உருமாறி நிற்கிறது.

சாம்பலிலிருந்து எழுந்தவை

மயேகாவாவிடம் வேலை பார்த்த இன்னொருவர் கென்ஸோ டாங்கே. 1945 ஆகஸ்ட் 6ந் தேதி அணுகுண்டு விழுந்த ஹிரோஷிமாவில் சமாதான நினைவு அருங்காட்சியகத்தை அமைத்தவர். 1955ல் முடிந்த அந்தக் கட்டடம் தரையிலிருந்து தூண்கள் மேல் தூக்கி நிற்கிறது. பொருள் கான்கிரீட். நிற்கிற தோரணையோ பழைய மரக் களஞ்சியத்தை நினைவூட்டும். 1964 டோக்கியோ ஒலிம்பிக்குக்கு அவர் கட்டிய யோயோகி விளையாட்டரங்கத்தின் கூரை, இரண்டு பெரிய தூண்களிலிருந்து எஃகு வடங்களில் தொங்குகிறது. தொங்கு பாலத்தின் கணக்கு, கோயில் கூரையின் வளைவு! அந்த அரங்கத்தைச் சின்னப் பையனாகப் பார்த்து மலைத்துப்போன கெங்கோ குமா, தானும் கட்டடக் கலைஞராகி, டோக்கியோவில் புதிய தேசிய விளையாட்டரங்கத்தை அமைத்தார். 2019ல் முடிந்த அதில் இறவாரங்கள் அடுக்கடுக்காக மரத்தால் ஆனவை. நாட்டின் 47 மாகாணங்களிலிருந்தும் அதற்கு மரம் வந்தது.

குடை பிடித்துக்கொண்டு குளியலறைக்கு!

இனி ஒரு வேடிக்கையான வீடு. ஒசாகாவைச் சேர்ந்த தடாவ் அண்டோ பாட்டியிடம் வளர்ந்தவர். வளர்ந்தது ஒன்றோடொன்று ஒட்டிய, குறுகலான மர வரிசை வீட்டில். இளமையில் குத்துச்சண்டை வீரர். கட்டடக் கலையைக் கல்லூரியில் படிக்காமல் தானாகவே கற்றுக்கொண்டவர். அவர் 1976ல் அதே ஊரில் சுமியோஷி என்ற இடத்தில், மர வரிசை வீடுகளுக்கு நடுவே ஒன்றை எடுத்துவிட்டு, ஒரு கான்கிரீட் வீட்டைச் செருகினார். தெருப்பக்கம் ஒரு ஜன்னல்கூடக் கிடையாது. வாசல் மட்டும்தான். நீளவாக்கில் வீட்டை மூன்று சம பங்காகப் பிரித்து, நடுப் பங்கை வானம் பார்த்த முற்றமாக விட்டுவிட்டார்.

இருக்கிற இடமே கையகலம். அதில் மூன்றில் ஒரு பங்கை வானத்துக்குக் கொடுப்பதா? முன்னறையிலிருந்து சாப்பாட்டு அறைக்குப் போக முற்றத்தைத் தாண்ட வேண்டும். மாடிப் படுக்கையறையிலிருந்து ராத்திரி குளியலறைக்குப் போக வேண்டுமானால் திறந்த படிக்கட்டில் இறங்கி வர வேண்டும். மழை பெய்தால் குடை! 'இது வீடா, தண்டனையா?' என்று அப்போதே சண்டை பிடித்தார்கள். பார்க்க வந்த முதுபெரும் கட்டடக் கலைஞர் ஒருவர், பரிசு கொடுப்பதானால் இதில் குடியிருப்பவருக்குத்தான் கொடுக்க வேண்டும் என்று சொன்னாராம்!

அண்டோவின் பதில் என்னவென்றால், பழைய வீட்டில் வெயிலும் காற்றும் மழையும் தினமும் உள்ளே வந்து போயின. நகரத்து வீட்டில் அது அற்றுப்போயிற்று. வசதி கொஞ்சம் குறைந்தாலும் அதைத் திரும்பக் கொண்டுவர வேண்டும். அவருடைய கான்கிரீட் சுவர்களில் தெரிகிற கட்டங்களின் அளவு என்ன தெரியுமா? ஏறக்குறைய ஒரு தாதாமி பாயின் அளவு! 1979ல் அந்த வீட்டுக்கு ஜப்பான் கட்டடக் கலைக் கழகத்தின் பரிசு கிடைத்தது. குடியேறியவர்களும் ஓடிப்போகவில்லை. பல பத்தாண்டுகள் அங்கேயே வாழ்ந்தார்கள்.

என்னைக் கேட்டால், கைக்குழந்தைக்காரியும் மூட்டுவலிக்காரப் பெரியவர்களும் உள்ள வீட்டுக்கு இது ஒத்துவராது. ஆனால் அந்த முற்றத்தில் விழுகிற மழையை நினைத்தால் ஆசையாகவும் இருக்கிறது. இரண்டும் உண்மை.

இருபது வருஷத்துக்கு ஒரு புதுக் கோயில்

ஜப்பானியர்களுக்குப் பழமை என்றால் என்ன என்று புரிய இஸே கோயிலைத் தெரிந்துகொள்ள வேண்டும். இந்தக் கோயிலை 20 வருஷத்துக்கு ஒரு முறை பக்கத்து மனையில் அச்சு அசலாகப் புதிதாகக் கட்டி, தெய்வத்தை அங்கே எழுந்தருளப் பண்ணுகிறார்கள். 690ல் ஆரம்பித்த வழக்கம். யுத்த காலங்களில் நூறு வருஷத்துக்கு மேல் தடைப்பட்டதும் உண்டு. 2013ல் நடந்தது 62வது தடவை. அடுத்தது 2033ல். பழைய மரத்தை வீணாக்குவதில்லை. பெரிய தூண்கள் கோயில் வழியின் தோரண வாயிலாகும். மற்ற கட்டைகள் வேறு ஊர்க் கோயில்களுக்குப் போகும்.

அப்படியானால் அது பழைய கோயிலா, புதிய கோயிலா? கட்டை புதிது. கை பழையது. இருபது வருஷம் என்பதால் ஒரு தச்சன் இளைஞனாகக் கற்றுக்கொண்டு, நடுவயதில் தானே செய்து, முதுமையில் அடுத்தவனுக்குச் சொல்லிக் கொடுக்க முடிகிறது. அவர்கள் பாதுகாப்பது கட்டடத்தை இல்லை, கைப்பழக்கத்தை.

இதே எண்ணத்தைப் புதுமையாகச் செய்யப்போய்த் தோற்ற கதையும் உண்டு. 1972ல் கிஷோ குரோகாவா என்பவர் டோக்கியோவில் 'நகாகின் கேப்சூல் டவர்' கட்டினார். 140 பெட்டிகள். ஒவ்வொன்றும் ஒருவர் தங்குகிற குட்டி அறை. வட்ட ஜன்னல், கட்டில், குளியலறை எல்லாம் உள்ளேயே. 25 வருஷத்துக்கு ஒரு தடவை பெட்டிகளைக் கழற்றிப் புதிதாக மாட்டிக்கொள்ளலாம் என்பது திட்டம். ஆனால் ஒரு பெட்டியைக்கூட மாற்றவில்லை. ஒன்றை மட்டும் உருவுவது கஷ்டம், செலவு அதிகம், சொந்தக்காரர்களுக்குள் ஒருமித்த முடிவும் வரவில்லை. ஒழுக ஆரம்பித்து, 2022ல் இடித்துவிட்டார்கள். புதுப்பிக்கலாம் என்று வரைபடத்தில் எழுதினால் போதாது. புதுப்பிக்க மனிதர்கள் வேண்டும். ஒட்டடை அடிக்காத மாளிகை எத்தனை நாளைக்கு?

பூகம்பம் வைத்த பரீட்சை

1995 ஜனவரி 17. விடிகாலை 5.46 மணி. கோபே நகரம் குலுங்கியது. 6,400 பேருக்கு மேல் மாண்டார்கள். பெரும்பாலோர் தூக்கத்திலேயே வீட்டுக்கு அடியில் நசுங்கினார்கள். பழைய மர வீடுகளில் புயலுக்குப் பறக்காமல் இருக்கக் கூரையில் மண் பூசிக் கனமான ஓடு வேய்ந்திருந்தார்கள். கீழே திடமான சுவர் குறைவு. தலைக்கனம் தாங்காமல் வீடு சரிந்தது. 1981ல் பூகம்பத்துக்காகச் சட்டத்தைக் கடுமையாக்கிய பிறகு கட்டிய வீடுகள் எவ்வளவோ மேலாகத் தாங்கின. பழமையில் எல்லாமே நல்லது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்ல முடியாது என்பதற்கு இதைவிடக் கொடிய சாட்சி வேண்டாம்.

அந்த இடிபாடுகளுக்கு நடுவே ஷிகெரு பான் என்ற கட்டடக் கலைஞர் காகிதத்தால் வீடு கட்டினார்! துணி சுற்றி வருமே, அந்த மாதிரி கெட்டி அட்டைக் குழாய்களை வரிசையாக நிறுத்திச் சுவர். மணல் நிரப்பிய பீர் பாட்டில் கூடைகள் அஸ்திவாரம். மேலே கூடாரத் துணி. காகிதம் கனமில்லை, விழுந்தாலும் ஆளைக் கொல்லாது. அட்டைக் குழாய்களாலேயே ஒரு மாதா கோயிலும் எழுந்தது. பத்து வருஷம் கழித்து அதைக் கழற்றித் தைவானுக்கு அனுப்பி அங்கே நிறுத்தியிருக்கிறார்கள். 2001ல் நம் குஜராத்தில் பூகம்பம் வந்தபோதும் பான் வந்து, இடிந்த வீடுகளின் கல்லையே அஸ்திவாரமாக்கி, மூங்கில் கூரையோடு காகித வீடு கட்டிக் கொடுத்தார்.

2011ல் சுனாமி வந்தபோது பள்ளிக்கூட அரங்குகளில் நூற்றுக்கணக்கானவர்கள் ஒரே கூடத்தில் படுத்துக் கிடந்தார்கள். புடவை மாற்றவோ பிள்ளைக்குப் பால் கொடுக்கவோ மறைவில்லாவிட்டால் ஒரு பெண்ணின் பாடு எப்படி இருக்கும் என்று நமக்குச் சொல்ல வேண்டாம். அவர்கள் உடை வேறு, அவஸ்தை ஒன்றுதான். பான் அட்டைக் குழாய்ச் சட்டத்தில் துணித் திரை தொங்கவிட்டுக் குடும்பத்துக்கு ஒரு தடுப்பு அமைத்துக் கொடுத்தார். யோசித்துப் பார்த்தால் இதுவும் பழைய ஷோஜிதானே! 2014ல் கட்டடக் கலையின் மிகப் பெரிய பரிசான பிரிட்ஸ்கர் அவருக்குக் கிடைத்தது.

உயரத்திலும் பழைய பாடம் உதவியது. ஹோர்யூஜி கோயிலின் ஐந்தடுக்கு மர கோபுரம் சுமார் 1,300 வருஷமாகப் பூகம்பத்துக்கு அசையாமல் நிற்கிறது. நடுவே ஒரு தனித் தூண் உண்டு. 2012ல் திறந்த 634 மீட்டர் உயர டோக்கியோ ஸ்கைட்ரீயிலும் நடுவில் ஒரு தனிக் கான்கிரீட் தூண் இருக்கிறது. கோபுரம் ஒரு பக்கம் ஆடினால் அது வேறு தாளத்தில் ஆடி ஆட்டத்தைக் குறைக்கும். பழைய கோபுரத்துத் தூணின் பெயரையே இதற்கும் வைத்திருக்கிறார்கள்.

குளிரும் உடம்பும்

பழைய ஜப்பானிய வீடு வெயில் காலத்தை நினைத்துக் கட்டியது. குளிர்காலத்தில் காகிதக் கதவு என்ன தடுக்கும்? சூடான அறையிலிருந்து சில்லென்ற குளியலறைக்குப் போய், உடனே கொதிக்கிற தொட்டியில் இறங்குகிற வயதானவர்களுக்கு ரத்த அழுத்தம் ஏறி இறங்கி மயக்கமும் மரணமும் நேர்கின்றன. அதனால் இப்போது சுவருக்குள் குளிர் தடுக்கும் பொருள் வைப்பதில் கவனம் செலுத்துகிறார்கள். 2025 ஏப்ரல் முதல் புதிதாகக் கட்டுகிற எல்லா வீடுகளுக்கும் இதைச் சட்டமாக்கிவிட்டார்கள். தொட்டிக் குளியல் அப்படியே இருக்கிறது. குளிர்கிற சுவரைத்தான் மாற்றுகிறார்கள்.

ஒரு பெண்ணின் கைவண்ணம்

2010ல் பிரிட்ஸ்கர் பரிசு பெற்ற காஸுயோ ஸெஜிமா, தன் கூட்டாளி ரியூவே நிஷிஸாவாவோடு அமைத்த கனஸாவா அருங்காட்சியகம் 2004ல் திறந்தது. வட்டமான கண்ணாடிக் கட்டடம். முன்பக்கம், பின்பக்கம் என்பதே கிடையாது. எந்தத் திசையிலிருந்தும் நுழையலாம். எஜமானுக்கு ஒரு வாசல், மற்றவளுக்கு ஒரு வாசல் என்றிருந்த நாட்டில், எல்லாருக்கும் எல்லா வாசலும் திறந்திருக்கிற ஒரு கட்டடம். வட்டக் கண்ணாடியை ஒட்டி நடந்தால் எங்காவா திண்ணையில் நடப்பது போல உள்ளேயும் வெளியேயும் ஒன்றாகத் தெரியும்.

எல்லாம் சுகமாக முடிந்துவிட்டது என்று சொல்ல முடியாது. 2023 கணக்குப்படி ஜப்பானில் 90 லட்சம் வீடுகள் காலியாகக் கிடக்கின்றன. பிள்ளைகள் நகரத்துக்குப் போய்விட்டார்கள். கிராமத்து நல்ல மர வீடுகள் பூட்டியே உளுத்துப் போகின்றன. சில இடங்களில் இளம் தம்பதிகள் அவற்றை வாங்கி, தூணையும் உத்தரத்தையும் வைத்துக்கொண்டு, சமையலறையையும் சுவரையும் புதிதாக்கிக் குடியேறுகிறார்கள். அதிகம் பேர் இல்லை, ஆனாலும் ஆரம்பம்தான்.

அப்படிக் குடியேறுகிறவர்கள் முதலில் செய்வது என்ன தெரியுமா? வடக்கு மூலைச் சமையலறையின் சுவரைத் திறந்து வெளிச்சம் விடுகிறார்கள். வாசலில் செருப்பு விடுகிற இடத்தை மட்டும் தொடுவதில்லை.